கொடி எட்டவில்லையா, புள்ளி ஏறவில்லையா: அல்டிமேட் சிக்கன் ஹார்ஸ் ஆட்டத்தில் புதியவர்களுக்கான பிழை நீக்கும் வழிமுறை

அல்டிமேட் சிக்கன் ஹார்ஸ் என்பது கனடாவின் மான்ட்ரியால் நகரைச் சேர்ந்த கிளெவர் எண்டெவர் கேம்ஸ் நிறுவனம் 2016 மார்ச்சில் கணினிக்காக வெளியிட்ட ஆட்டம். 2017 இறுதியில் பிளேஸ்டேஷன் 4, எக்ஸ்பாக்ஸ் ஒன் கருவிகளுக்கும், 2018 செப்டம்பரில் நின்டெண்டோ ஸ்விட்சுக்கும் வந்தது. கோழி, குதிரை, ஆடு, ரக்கூன் என ஆளுக்கொரு விலங்கை எடுத்துக்கொண்டு நான்கு பேர் வரை விளையாடலாம். ஒவ்வொரு சுற்றின் தொடக்கத்திலும் பார்ட்டி பாக்ஸ் என்னும் பெட்டி திறக்கும்; அதிலிருந்து காலூன்ற உதவும் தளமோ ஆளைக் கொல்லும் பொறியோ, ஆளுக்கொரு பொருளை எடுத்துக் களத்தில் பொருத்த வேண்டும்; பிறகு எல்லோரும் ஒரே நேரத்தில் தொடக்க இடத்திலிருந்து கிளம்பி மறுமுனையில் உள்ள கொடியை எட்ட வேண்டும். பொருத்திய பொருள்கள் அடுத்த சுற்றிலும் அங்கேயே இருக்கும் என்பதால், சுற்றுக்குச் சுற்று களம் நெரிசலாகி, ஐந்தாறு சுற்றுகளில் யாராலும் அடையாளம் காண முடியாத கோலத்துக்கு வந்துவிடும்.

விதிகள் இவ்வளவுதான் என்றாலும், முதன்முறை விளையாடுபவர்கள் ஏறக்குறைய ஒரே மாதிரியான இடங்களில்தான் தடுமாறுகிறார்கள். ஆகவே கீழே உள்ளவை ஆட்டத்தின் பகுதிகளை வரிசையாக விளக்கும் பாடங்களாக இல்லாமல், திரையில் நீங்கள் காணும் அறிகுறியிலிருந்து தொடங்குகின்றன. உங்களுக்கு நேர்வது எதுவோ அந்தத் தலைப்பை முதலில் படிக்கலாம். முதல் இரண்டு தலைப்புகளை மட்டும் யாரும் தாண்டிச் செல்ல வேண்டாம் என்பது என் கருத்து, ஏனெனில் மற்றச் சிக்கல்களில் பாதி அங்கிருந்துதான் பிறக்கின்றன.

அறிகுறி: எல்லோரும் கொடியை எட்டிவிட்டோம், ஆனால் யாருக்கும் புள்ளி ஏறவில்லை

இது பழுது அன்று. ஆட்டத்தில் உள்ள அனைவரும் கொடியை எட்டிவிட்டால், பாதை மிக எளிதாக இருந்தது என்று சொல்லி ஆட்டம் அந்தச் சுற்றுக்குப் புள்ளி தராமல் விட்டுவிடும். அதேபோல் ஒருவர்கூட எட்டாத சுற்றுக்கும் புள்ளி கிடையாது. அதாவது குறைந்தது ஒருவர் எட்ட வேண்டும், குறைந்தது ஒருவர் தவற வேண்டும். அப்போதுதான் புள்ளியைக் காட்டும் பட்டை நகரும்.

இந்த விதியின் விளைவு ஆட்களின் எண்ணிக்கையைப் பொறுத்து மாறுகிறது என்பதைப் புதியவர்கள் கவனிப்பதில்லை. நான்கு பேர் ஆடும்போது யார் யார் எட்டினார்கள், யார் யார் தவறினார்கள் என்று பார்த்தால் 16 விதமான முடிவுகள் உண்டு. அவற்றில் எல்லோரும் எட்டியது ஒன்று, எல்லோரும் தவறியது ஒன்று ஆகிய இரண்டு மட்டுமே புள்ளியற்றவை. மூன்று பேர் என்றால் எட்டில் இரண்டு. இருவர் மட்டும் ஆடினாலோ நான்கு முடிவுகளில் இரண்டு வீணாகிவிடுகின்றன. இருவராக ஆடுபவர்கள் ‘புள்ளியே ஏறமாட்டேன் என்கிறது’ என்று அலுத்துக்கொள்வதற்குக் காரணம் அவர்களுடைய திறமைக் குறைவு அன்று, இந்தக் கணக்குதான். இருவர் ஆட்டம் ரசிக்கத்தக்கதே என்றாலும், ஆட்டத்தைப் பிறருக்கு முதன்முதலாக அறிமுகப்படுத்தும்போது மூன்றாவது ஆளைத் தேடிப் பிடித்து உட்கார வைப்பது நல்லது.

தீர்வு எளிது. எல்லோரும் எட்டிய சுற்று முடிந்து பெட்டி திறந்ததும், அடுத்து எடுக்க வேண்டியது தளமோ படிக்கட்டோ அன்று. ஏதேனும் ஒரு பொறி. பலர் இந்த இடத்தில் மறுபடியும் வசதியான தளம் ஒன்றை எடுத்து, ஏற்கெனவே எளிதான பாதையை இன்னும் எளிதாக்கிவிட்டு, மீண்டும் புள்ளியில்லை என்று வியக்கிறார்கள்.

அறிகுறி: இரண்டு மூன்று சுற்றுகளாக ஒருவராலும் கொடியை எட்ட முடியவில்லை

இதுவே புதியவர்கள் குழுவில் மிகுதியாகக் காணப்படும் கோளாறு. பொறி வைப்பது சுவையாக இருப்பதால் நான்கு பேரும் முதல் சுற்றிலிருந்தே வட்ட வாளையும் முள்கம்பியையும் அள்ளிக் குவிக்கிறார்கள்; மூன்றாவது சுற்றில் பாதை அடைபட்டுவிடுகிறது; அதன் பிறகு ஒவ்வொரு சுற்றும் ஐந்து நொடியில் நான்கு சாவுகளோடு முடிகிறது. மற்றவரைக் கொல்வது ஆட்டத்தின் நோக்கம் அன்று. மற்றவர் தவறும் பாதையில் நீங்கள் மட்டும் தவறாமல் போவதே நோக்கம். உங்களால் கடக்க முடியாத பொறி உங்களுக்கு எந்தப் பயனும் தராது.

களம் அடைபட்டிருக்கும்போது முதலில் செய்ய வேண்டியது, எல்லோரும் இறக்கும் இடம் எது என்று பார்ப்பதுதான். பெரும்பாலும் அது ஒரே இடமாக இருக்கும். அந்த இடத்தைக் கண்டுகொண்டால் மூன்று வழிகள் உண்டு.

முதல் வழி வெடிகுண்டு. பார்ட்டி பாக்ஸில் சிறிதும் பெரிதுமாக வெடிகுண்டுகள் வரும். ஏற்கெனவே பொருத்தப்பட்ட பொருளின் மேல் ஒன்றை வைத்தால் அந்தப் பொருள் களத்திலிருந்து நீங்கிவிடும். புதியவர்கள் வெடிகுண்டைச் சீண்டுவதே இல்லை. அதை எடுத்தால் தன் பங்குக்கு ஒன்றும் கட்டாமல் வெறுங்கையோடு நிற்பதாக அவர்களுக்குத் தோன்றுகிறது. என் பார்வையில் நான்காவது சுற்றுக்குப் பிறகு பெட்டியில் உள்ள மிக மதிப்புள்ள பொருள் அதுவே, ஏனெனில் எந்தப் பொறியை நீக்குவது என்று தீர்மானிப்பவரே அடுத்த சுற்றின் பாதையைத் தீர்மானிக்கிறார். உங்களுக்குக் கடினமாகவும் மற்றவர்களுக்கு எளிதாகவும் உள்ள பொறியை நீக்கிவிட்டு, உங்களுக்குப் பழகிப்போன பொறியை விட்டுவைக்கலாம் அல்லவா? பெரிய குண்டை வைக்கும்போது மட்டும் அதன் பரப்பைக் கவனியுங்கள். பொறியோடு சேர்த்து அதைத் தாண்ட உதவும் தளத்தையும் அது அழித்துவிட்டால் நிலைமை முன்பைவிட மோசமாகும்.

இரண்டாவது வழி மறைப்பு. அம்பு எய்யும் எந்திரம், ஹாக்கித் தட்டை எறியும் எந்திரம் போன்றவை நேர்கோட்டில் எறிபவை. அவற்றின் வாய்க்கு எதிரே ஒரு மரப்பலகையோ வைக்கோல் கட்டோ வைத்துவிட்டால் பொறி இருந்த இடத்திலேயே செயலிழந்துவிடும். குண்டு கிடைக்காத சுற்றில் இதுவே கைகொடுக்கும்.

மூன்றாவது வழி மாற்றுப் பாதை. களம் என்பது திரையில் தெரியும் முழுப் பரப்பு. கீழே உள்ள பாதையில்தான் போக வேண்டும் என்று கட்டாயம் எதுவும் இல்லை. பொறிகள் குவிந்த இடத்துக்கு மேலே இரண்டு தளங்கள் இருந்தால் போதும், அங்கே புதிய பாதை உருவாகிவிடும். ஒரு சுற்றில் ஒரு பொருள்தான் வைக்க முடியும் என்பதால் இதற்கு இருவர் பேசிவைத்துக்கொண்டு செயல்பட வேண்டியிருக்கும். எதிரிகள் ஒரு சுற்று மட்டும் கூட்டாளிகளாகி, கொடி தென்பட்டதும் மறுபடி எதிரிகளாகும் இந்த இடம்தான் ஆட்டத்திலேயே மிகச் சுவையானது என்பேன்.

இந்தக் கோளாறு வராமலே தடுக்க விரும்பினால், முதல் சுற்றில் கொடிக்குப் போகும் பாதை இருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். சில களங்களில் தொடக்க இடத்துக்கும் கொடிக்கும் நடுவே, எதுவும் வைக்காத நிலையில், தாண்டவே முடியாத பள்ளம் இருக்கும். அங்கே முதல் ஒன்றிரண்டு சுற்றுகளில் பொறி எடுப்பவர் தன் காலையும் சேர்த்துக் கட்டிக்கொள்கிறார்.

அறிகுறி: மற்றவர்கள் தாண்டும் பள்ளத்தை என்னால் தாண்ட முடியவில்லை

பத்தில் ஒன்பது முறை காரணம் ஓட்டப் பொத்தான். திசைக் குச்சியை முழுவதும் தள்ளினால் விலங்கு வேகமாகப் போகும் என்று பலர் எண்ணுகிறார்கள். ஆனால் ஓடுவதற்குத் தனிப் பொத்தான் உண்டு, அதை அழுத்திப் பிடித்துக்கொண்டே குதித்தால்தான் நீண்ட தாவல் கிடைக்கும். நடந்துகொண்டே குதித்தால் பாதித் தொலைவில் விழுவீர்கள்.

அடுத்த காரணம் குதிக்கும் பொத்தானைத் தட்டிவிட்டு உடனே விரலை எடுப்பது. அதை எவ்வளவு நேரம் பிடித்திருக்கிறீர்களோ அதற்கேற்ப உயரம் கூடும். உயரம் கூடினால் காற்றில் இருக்கும் நேரமும் கூடும். நேரம் கூடினால் தொலைவும் கூடும். ஆகவே அகலமான பள்ளத்துக்கு நீண்ட அழுத்தமும், தலைக்கு மேலே முள்கம்பி இருக்கும் இடத்தில் சிறு தட்டலும் தேவை. மூன்றாவது காரணம் அச்சத்தில் விளிம்புக்கு வெகுமுன்பே குதித்துவிடுவது. விளிம்பின் கடைசி அடிவரை ஓடிய பிறகு குதிப்பதற்கு விரலைப் பழக்க வேண்டும்.

குதித்த பிறகும் காற்றில் திசையை மாற்ற முடியும் என்பதையும் மறக்க வேண்டாம். தாவல் மிகுந்துவிட்டது என்று தெரிந்தால் எதிர்த்திசையில் தள்ளி வேகத்தைக் குறைக்கலாம். புதியவர்கள் குதித்த கையோடு குச்சியை விட்டுவிட்டு, விலங்கு எங்கே விழுகிறது என்று பார்வையாளரைப் போல் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

சுவர்களும் உதவும். சுவரை நோக்கித் தள்ளிக்கொண்டிருந்தால் விலங்கு அதன்மேல் ஒட்டியபடி மெல்லச் சறுக்கும். அந்த நிலையில் குதித்தால் சுவரிலிருந்து உந்திக்கொண்டு எதிர்ப்புறம் மேலெழும்பும். எதிரெதிரான இரண்டு சுவர்களுக்கு இடையே இப்படி மாறி மாறிக் குதித்து மேலேற முடியும். இதைக் கற்றுக்கொள்ளாதவர்களுக்கு பாதிக் களங்கள் மூடிய கதவுகளே.

இவற்றையெல்லாம் போட்டியின் நடுவே பழகுவது கடினம். போட்டியோ புள்ளியோ இல்லாமல் களத்தைக் கட்டிக் கட்டி ஓடிப் பார்க்கும் ஃப்ரீ ப்ளே என்னும் முறை இதற்கென்றே இருக்கிறது. அங்கே தொடக்கக் களமான பண்ணையைத் திறந்து, ஒரே அகலமுள்ள பள்ளம் ஒன்றை உருவாக்கிக்கொண்டு, நடந்து குதித்தும் ஓடிக் குதித்தும் பார்த்தால், எந்தத் தாவல் எவ்வளவு தூரம் என்ற அளவு கண்ணில் பதிந்துவிடும். பொருள் வைக்கும் நேரத்திலும் அந்த அளவுதான் கைகொடுக்கிறது. உங்களுடைய நீண்ட தாவலுக்குச் சற்றே உட்பட்ட தொலைவில் தளத்தை வைத்தால், நீங்கள் எட்டுவீர்கள், ஓட்டப் பொத்தானை மறப்பவர் விழுவார்.

அறிகுறி: தாவல் சரியாக வருகிறது, ஆனால் சிறிய தளத்தில் நிற்க முடியாமல் வழுக்கி விழுகிறேன்

மேலே சொன்னதற்கு நேர்மாறான கோளாறு இது. ஓட்டப் பொத்தானைக் கண்டுபிடித்தவுடன் அதைச் சுற்று முழுவதும் விடாமல் பிடித்திருப்பவர்களுக்கு வருவது. தரையைத் தொடுவதற்குச் சற்று முன்பே அந்தப் பொத்தானை விட்டுவிடப் பழகுங்கள். தளத்தின்மேல் பனிக்கட்டி வைக்கப்பட்டிருந்தால் நிற்க முயல்வதே தவறு; அதன்மீது விழுந்த கணமே அடுத்த தாவலுக்குக் கிளம்பிவிட வேண்டும். தேன் பூசிய தளத்தில் இதற்கு மாறாக நடை தளரும், குதிக்கும் உயரமும் குறையும்.

அறிகுறி: என் விலங்குதான் மெதுவாக ஓடுகிறது

இல்லை. எல்லா விலங்குகளும் ஒரே வேகத்தில் ஓடுகின்றன, ஒரே உயரத்துக்குக் குதிக்கின்றன. பின்னாளில் சேர்க்கப்பட்ட யானைக்கும் நத்தைக்கும்கூட இதே விதிதான். பிடித்த உருவத்தை எடுத்துக்கொள்ளலாம். ஒன்றை மட்டும் கவனியுங்கள்: நான்கு பேரும் திரையில் சிதறும்போது காட்சி பின்வாங்கி, விலங்குகள் மிகச் சிறியனவாகத் தெரியும். அப்போது ‘நான் எங்கே இருக்கிறேன்’ என்று தேடுவதிலேயே உயிர் போய்விடுகிறது. பக்கத்தில் இருப்பவரின் விலங்கோடும் களத்தின் பின்னணியோடும் கலந்துவிடாத நிறமுள்ளதைத் தேர்ந்தெடுப்பதே இதற்கு மருந்து. ஸ்விட்சின் கையடக்கத் திரையில் நான்கு பேர் ஆடுவது கண்ணுக்குத் தண்டனை, தொலைக்காட்சியில் இணைத்துவிடுங்கள்.

அறிகுறி: என் பொறியில் நானே விழுகிறேன், மற்றவர்கள் தப்பிவிடுகிறார்கள்

பொறியின் வகையைவிட அது வைக்கப்பட்ட இடம்தான் பெரும்பாலும் குற்றவாளி. தொடக்க இடத்துக்கு மிக அருகே வைத்த பொறியை எல்லோரும் ஒவ்வொரு சுற்றிலும் முதல் வேலையாகச் சந்திப்பதால், இரண்டே சுற்றுகளில் பழகிவிடுவார்கள். பாதையின் பிற்பகுதியில் உள்ள பொறியை எட்டும் வாய்ப்பே குறைவு என்பதால், அதைப் பழகும் வாய்ப்பும் குறைவு. அங்கே பதற்றமும் கூடியிருக்கும்.

குதிக்கும் இடத்தில் பொறி வைப்பதைவிடக் காலூன்றும் இடத்தின் அருகே வைப்பது பலன் தரும். குதிப்பதற்கு முன் ஒருவர் நின்று யோசிக்கலாம். காற்றில் இருக்கும்போது யோசிக்க நேரமில்லை. அம்பு எந்திரத்தைப் பாதைக்கு இணையாகத் திருப்பாமல், எல்லோருடைய தாவலும் உச்சியைத் தொடும் உயரத்தில் அம்பு கடக்குமாறு வைத்துப் பாருங்கள். பார்வைக்குக் கொடிய வட்ட வாளைவிட, நீண்ட தாவலுக்கு முந்தைய தளத்தில் பூசிய தேன் மிகுதியானோரை வீழ்த்தும்; வாளைக் கண்டால் எல்லோரும் ஒதுங்குவார்கள், தேனைக் கண்டு யாரும் அஞ்சுவதில்லை. ஆனால் ஓட்டமும் தாவலும் குறைந்த நிலையில் அடுத்த தளத்தை எட்ட முடியாமல் பள்ளத்தில் விழுகிறார்கள்.

நகரும் தளங்களின்மேலும் பொருள்களைப் பொருத்தலாம்; தளத்தோடு சேர்ந்து அவையும் நகரும். முள்கம்பி சுமந்த நகரும் தளம் வருவதற்கு எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்பதை வைத்தவர் மட்டும் மனத்தில் எண்ணி வைத்திருந்தால், அந்தச் சுற்று அவருடையது. கருந்துளை இன்னும் நுட்பமானது. அது அருகில் வருபவரை இழுத்துத் தாவலின் வளைவையே மாற்றிவிடும். எவ்வளவு இழுக்கிறது என்று ஃப்ரீ ப்ளேயில் பார்த்து வைத்துக்கொள்ளாதவர் அதைத் தொடாமல் இருப்பதே அவருக்கு நல்லது.

உங்கள் பொறி வேறொருவரைக் கொன்றால் உங்களுக்குக் கூடுதல் புள்ளி உண்டு. உங்களையே கொன்றால் ஒன்றும் இல்லை. இந்தப் பொறிப் புள்ளி கொடியை எட்டுவதற்கான புள்ளியோடு ஒப்பிடச் சிறியது. அதை மட்டுமே துரத்தி வென்றவரை நான் பார்த்ததில்லை.

அறிகுறி: பொருளை வைக்க முயன்றால் சிவப்பாகிறது, பொருந்த மறுக்கிறது

தொடக்க இடத்தையும் கொடியையும் ஒட்டிய பரப்பில் எதையும் வைக்க ஆட்டம் அனுமதிப்பதில்லை. வேறொரு பொருளோடு மோதும் இடத்திலும் அப்படியே. முள்கம்பி போன்ற சில பொருள்கள் தாமாக நிற்காமல் வேறொரு பரப்பின்மேல் ஒட்டியே நிற்கும். அவற்றை வெட்டவெளியில் வைக்க முடியாது. பெரும்பாலான நேரம் பொருளைச் சுழற்றினாலே இடம் கிடைத்துவிடும். எல்லோரும் ஒரே நேரத்தில் வைப்பதால், நீங்கள் குறிவைத்த இடத்தில் வேறொருவர் முந்திக்கொண்டிருக்கவும் கூடும். நீங்கள் ஒரு தளத்தை எங்கே வைக்கப்போகிறீர்கள் என்பதை மற்றவர்களும் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள் என்பதை மனத்தில் கொண்டு, கடைசியாக வைப்பதன் நன்மையையும் முதலில் வைப்பதன் நன்மையையும் எடைபோடுங்கள்.

அறிகுறி: கொடியை நானும் எட்டினேன், அவரும் எட்டினார், அவருக்கு மட்டும் அதிகப் புள்ளி

சுற்று முடிந்ததும் காட்டப்படும் பட்டையில் ஒவ்வொரு துண்டும் எதற்காகக் கிடைத்தது என்று எழுதியிருக்கும். அதை அவசரமாகக் கடந்துவிடாமல் படிப்பது, ஆட்டத்தைக் கற்கக் குறுக்குவழி. கொடியை முதலில் எட்டியவருக்குச் சிறிது கூடும். மற்ற எல்லோரும் தவற, ஒருவர் மட்டும் எட்டினால் அவருக்கு நல்ல கூடுதல் உண்டு. மிகவும் பின்தங்கியவர் எட்டும்போது அவரை மேலேற்றுவதற்கென ஒரு கூடுதல் தரப்படுகிறது. இறந்துவிட்ட விலங்கின் உடல், இருந்த வேகத்திலேயே பறந்துபோய்க் கொடியைத் தொட்டாலும் புள்ளி உண்டு; சிரித்துச் சிரித்து அடுத்த சுற்றைத் தவறவிடும் அளவுக்கு இது சில நேரம் நடக்கும்.

நாணயம் தனிக் கதை. பெட்டியில் வரும் நாணயத்தை ஒருவர் களத்தில் எங்காவது வைப்பார். அதை எடுத்துக்கொண்டு கொடியை எட்டுபவருக்கு, அவர் வைத்தவராக இல்லாவிட்டாலும், கூடுதல் புள்ளி சேரும். எடுத்த பிறகு வழியில் இறந்தால் பயனில்லை. நாணயத்தை வைக்கும்போது பாதையிலேயே வைத்துவிட்டால் எல்லோருக்கும் தானம் செய்ததாகும். சுவரேறித் தாவத் தெரிந்தவர்கள் அதை உயரமான மூலையில் வைத்து, மற்றவர்கள் ஆசைப்பட்டு விழுவதையும் தாங்கள் மட்டும் எடுத்து வருவதையும் திட்டமாகவே கொள்ளலாம்.

அறிகுறி: எப்போதும் ஒருவரே வெல்கிறார், மற்றவர்கள் சலித்துவிட்டார்கள்

ஆட்டம் தெரிந்த ஒருவரும் தெரியாத மூவரும் சேரும்போது இது தவிர்க்க முடியாதது. அந்த ஒருவரின் பாதையில் பொறிகளைக் குவிப்போம் என்று மற்ற மூவரும் கிளம்புவது இயல்பு. ஆனால் பொறிக்கு ஆள் பார்க்கத் தெரியாது. கடினமான களத்தில் முதலில் விழுபவர்கள் கற்றுக்குட்டிகளே. ஆகவே அந்த உத்தி வெல்பவரின் வெற்றியை இன்னும் உறுதியாக்கும்.

பயன்தரும் மாற்றங்கள் ஆட்டத்தின் அமைப்புகளில் இருக்கின்றன. திறமை மிக்கவர் பெறும் புள்ளியைக் குறைத்துக் கணக்கிடும் ஏற்பாடு உண்டு. அதை அவர் தாமே முன்வந்து ஏற்றுக்கொண்டால் மனக்கசப்பும் இராது. விதிகளை மாற்றும் பகுதியில் ஒவ்வொரு வகைப் புள்ளிக்கும் எவ்வளவு மதிப்பு என்பதையும், பெட்டியில் எந்தப் பொருள் எவ்வளவு அடிக்கடி வர வேண்டும் என்பதையும் மாற்றிக்கொள்ளலாம். குழந்தைகளோடு ஆடும்போது கருந்துளையை முழுவதுமாக நீக்கிவிட்டு வெடிகுண்டுகளைக் கூட்டி வைப்பது என் பரிந்துரை. வெல்லத் தேவையான புள்ளியைக் குறைத்து ஆட்டங்களைச் சிறியவையாக்கினால், தோற்றவர் உடனே புதிதாகத் தொடங்கலாம். பொருள்களைக் குலுக்கலில் விடாமல், முழுப் பட்டியலிலிருந்து விரும்பியதை எடுக்கவிடும் கிரியேட்டிவ் முறையும் உண்டு என்றாலும், எந்தப் பொருள் என்ன செய்யும் என்று தெரியாதவர்களை அது திகைக்க வைத்துவிடும். ஆட்டம் ஓரளவு கைவந்த பிறகு அதற்குப் போகலாம்.

அறிகுறி: சில விலங்குகளும் களங்களும் பூட்டியே கிடக்கின்றன

பணம் கேட்கும் பூட்டு அன்று இது. சில ஆட்டங்களில் களத்தின் எங்காவது ஒரு மூலையில் பரிசுப் பெட்டி ஒன்று தென்படும். யாராவது ஒருவர் அதை எடுத்துக்கொண்டு உயிரோடு கொடியை எட்டினால், புதிய விலங்கோ களமோ உடையோ திறக்கும். எடுப்பவர் யாராக இருந்தாலும் பலன் எல்லோருக்கும் என்பதால், அது தென்படும் சுற்றில் மட்டும் போட்டியைச் சற்று மறந்து பாதையை அமைத்துக் கொடுப்பது புத்திசாலித்தனம்.

அறிகுறி: ஒரு கன்ட்ரோலரை அசைத்தால் இரண்டு விலங்குகள் அசைகின்றன, அல்லது ஒன்றும் அசையவில்லை

கணினியில் ஆடுபவர்களுக்கு வரும் சிக்கல் இது. பிளேஸ்டேஷன் கன்ட்ரோலரை எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலராகக் காட்டும் இடைமென்பொருள் ஏதேனும் ஓடிக்கொண்டிருந்தால், ஆட்டத்துக்கு உண்மையான கருவி ஒன்றும் போலிக் கருவி ஒன்றும் ஆக இரண்டு தெரியும். அந்த மென்பொருளை மூடுங்கள், அல்லது அதன் அமைப்பில் உண்மைக் கருவியை மறைக்கும் தெரிவை இயக்குங்கள். கணினி ஆட்டங்களை விற்று இயக்கும் தளமான ஸ்டீமின் கன்ட்ரோலர் அமைப்பும் அந்த மென்பொருளும் ஒரே நேரத்தில் இயங்கினாலும் இதே குழப்பம் வரும். இரண்டில் ஒன்றே போதும்.

ஒன்றும் அசையவில்லை என்றால், ஆட்டத்தை மூடிவிட்டுக் கன்ட்ரோலரை இணைத்த பிறகு மறுபடி திறந்து பாருங்கள். கம்பியில் இணைத்தால் வேலை செய்து புளூடூத்தில் செய்யவில்லை என்றால் கோளாறு ஆட்டத்தில் இல்லை. கன்ட்ரோலர் ஒன்று குறைந்தால் ஒருவர் கீபோர்டை எடுத்துக்கொள்ளலாம். குதிக்க, ஓட, நகர என்று மிகச் சில பொத்தான்களே தேவை என்பதால் இந்த ஆட்டத்தில் அவருக்கு எந்தக் குறையும் நேராது.

அறிகுறி: பொத்தானை அழுத்திச் சற்று நேரம் கழித்தே விலங்கு குதிக்கிறது

தொலைக்காட்சியில் ஆடினால் முதலில் அதன் பட அமைப்பில் கேம் மோட் என்னும் தெரிவை இயக்குங்கள். படத்தை அழகாக்கத் தொலைக்காட்சி செய்யும் வேலைகள் ஒவ்வொரு காட்சியையும் சிறிது தாமதப்படுத்துகின்றன. திரைப்படத்துக்கு அது பொருட்டன்று, விளிம்பில் குதிக்க வேண்டிய ஆட்டத்துக்கு அதுவே சாவு. ஒரே புளூடூத் ஏற்பியில் நான்கு கன்ட்ரோலர்களை இணைத்திருந்தால் ஒன்றிரண்டைக் கம்பிக்கு மாற்றுங்கள்.

அறிகுறி: இணையத்தில் ஆடும்போது மற்றவர்கள் விட்டு விட்டு நகர்கிறார்கள், அல்லது நண்பரின் அறையில் சேர முடியவில்லை

சேர முடியாதபோது முதலில் பார்க்க வேண்டியது இருவரிடமும் ஆட்டத்தின் ஒரே பதிப்பு இருக்கிறதா என்பது. ஒருவருடைய கருவி புதுப்பிக்கப்படாமல் இருப்பதே மிகப் பொதுவான காரணம். மாற்று நிரல்கள் எதையேனும் நிறுவியிருந்தால் அவற்றை நீக்கிவிட்டு முயலுங்கள்.

விட்டு விட்டு நகர்வதற்குக் காரணம் பெரும்பாலும் வைஃபை. அறையைத் திறப்பவராவது கம்பி இணைப்பில் இருப்பது நல்லது. நால்வரில் யாருடைய இணைப்பு நிலையானதோ அவரே அறையைத் திறக்கட்டும். உங்கள் திரையில் தெரியும் மற்றவருடைய நிலை எப்போதும் சற்றுப் பழையது என்பதால், அவர் வாளைத் தொட்டது போலத் தெரிந்தும் பிழைப்பதையும், தொடாதது போலத் தெரிந்தும் இறப்பதையும் வைத்துச் சண்டை போட வேண்டாம்.

நண்பரிடம் ஆட்டமே இல்லை என்றால், ஸ்டீமில் உள்ள ரிமோட் ப்ளே டுகெதர் வசதியால், ஆட்டத்தை வாங்கிய ஒருவரின் கணினியில் அது ஓட, மற்றவர்கள் தொலைவிலிருந்தே அதில் கலந்துகொள்ளலாம். அப்போது திரை முழுவதும் காணொளியாக அனுப்பப்படுவதால், வாங்கியவருடைய இணைப்பின் பதிவேற்ற வேகமே எல்லோருடைய ஆட்டத்தையும் தீர்மானிக்கும். படத்தின் தெளிவு அளவை ஒரு படி குறைத்தால் தாமதமும் குறையும். விருந்தினர் அனைவருக்கும் தாமதம் இருக்கும், வாங்கியவருக்கு மட்டும் இராது என்பதால், அவருடைய புள்ளியைக் குறைத்துக் கணக்கிடும் ஏற்பாட்டை இங்கே பயன்படுத்துவது நியாயம்.